சிரில் சட்டை மாற்றிய வாரம்

“ரோவர்ஸ்காரனுக்கு எம்பொண்ணு கிடையாது. இதை எத்தனை தடவைடா சொல்றது?”

கதவைத் திறக்காமல், தபால் போடும் துவாரம் வழியாகத்தான் பேசினார் எஸ்ரா ஹாஸ்லம். வெளியே மழையில், தொப்பியைக் கையில் பிடித்தபடி சிரில் திரெல்ஃபால் குனிந்து நின்றான். பாதி ஊர் தலையில் தூக்கிவைத்து ஆடும் கால்பந்து வீரன், ஒரு துவாரத்துக்கு முன்னால் முதுகை வளைத்துக்கொண்டிருந்தான்.

“என்னைப் பத்தி நாலு பேர்கிட்ட விசாரிச்சுப் பாருங்க மிஸ்டர் ஹாஸ்லம். குடி கிடையாது, சூதாட்டம் கிடையாது...”

“குடிச்சிருந்தாக்கூட மன்னிச்சிருப்பேன். கிறிஸ்துமஸ் அன்னிக்கு எங்க ஆல்பியனுக்கு எதிரா ரெண்டு கோல் போட்டியே, அப்ப நிதானத்துலதானே இருந்தே? போர்ல, பிரான்ஸ்ல குண்டடி பட்டப்பகூட எனக்கு அவ்வளவு வலிக்கல.”

துவாரம் படக்கென்று மூடிக்கொண்டது.

கார்டன்லி பஞ்சாலை ஊர். நடுவில் ஓடும் கால்வாய்க்கு இந்தப் பக்கம் நீலச் சட்டை ஆல்பியன் அணி, அந்தப் பக்கம் சிவப்புச் சட்டை ரோவர்ஸ் அணி. நெசவுக்கூடத்து மேஸ்திரியான எஸ்ராவின் வீட்டில், ஆல்பியன் தோற்ற சனிக்கிழமைகளில் கரண்டிச் சத்தம்கூடக் கேட்கக் கூடாது. அப்பேர்ப்பட்டவரின் ஒரே மகள் வின்னி மேல்தான் சிரில் உயிரை வைத்திருந்தான்.

போன அக்டோபரில் ரோவர்ஸ் மைதான வாசலில் கொட்டும் மழையில் நனைந்துகொண்டு நின்றாள் வின்னி. யார் வீட்டுப் பெண் என்று தெரிந்ததும், ஆல்பியன் வீட்டுப் பெண் இங்கே வந்து நிற்கிறாளென்றால் அது தன்னைப் பார்க்கத்தான் என்று சிரில் முடிவு கட்டிவிட்டான். அதற்குப் பிறகு ஆட்டம் முடிந்ததும் பொரித்த மீன் கடையில் இருவரும் சந்திப்பது வழக்கமாயிற்று. அப்பாவிடம் அவள் அத்தை வீட்டுக்குப் போவதாகச் சொல்லியிருந்தாள்.

“கடைசி பந்தை இடது காலால தட்டியிருக்கணும். கோட்டை விட்டுட்டே,” என்று உருளைக்கிழங்கை மென்றுகொண்டே திட்டுவாள். அதுவும் காதலில் சேர்த்தி என்று சிரில் எடுத்துக்கொள்வான்.

துவாரம் மூடிய மறுநாள் காலை, சிரில் ரோவர்ஸ் மேலாளர் மிஸ்டர் பிக்கப்பின் முன்னால் போய் நின்றான்.

“என்னை ஆல்பியனுக்கு மாத்திவிடுங்க சார்.”

பிக்கப் வாயிலிருந்த புகைக்குழாயை எடுத்தார். “பந்தை முட்டி முட்டி மூளை கலங்கிருச்சா? நாம முதல் டிவிஷனுக்கு ஏறப்போறோம். அவங்க மூணாவதுக்கு இறங்கப்போறாங்க. மாடி ஏறுறப்ப எவனாவது கிணத்துல குதிப்பானா?”

“ஒரு பொண்ணு விஷயம் சார்.”

“ஓ. அப்ப நான் என்ன சொன்னாலும் காதுல ஏறாது.”

ரோவர்ஸின் கோல்கீப்பர் தோள்பட்டையை உடைத்துக்கொண்டு படுத்திருந்தான். ஆல்பியனிடம் ஒரு கோல்கீப்பர் சும்மா உட்கார்ந்திருந்தான். ஆளுக்கு ஆள் மாற்றிக்கொண்டார்கள். வெள்ளிக்கிழமை மாலைப் பத்திரிகையில் செய்தி வரும்வரை வின்னியிடம் சிரில் மூச்சு விடவில்லை. திறந்து பார்த்ததும் துள்ளிக் குதிக்கட்டும் என்று நினைத்தான்.

துள்ளிக் குதித்தது அவன் குடியிருந்த வீட்டுக்காரி மிஸஸ் கிரெக்தான். சனிக்கிழமை காலை கருகிய ரொட்டி ஒன்றைத் தட்டில் எறிந்துவிட்டு, “திங்கக்கிழமைக்குள்ள வேற இடம் பாத்துக்கோ. துரோகிக்கு முட்டை கிடையாது,” என்றாள்.

அன்றைக்கு ஆட்டமே ரோவர்ஸோடுதான். நீலச் சட்டையில் சிரில் இறங்கியதும் சிவப்புப் பக்கத்திலிருந்து “யூதாஸ்” என்று ஒரே கூச்சல். ஆரஞ்சுத் தோல் ஒன்று பறந்து வந்து காதில் அப்பிக்கொண்டது. முந்தின வாரம்வரை கூட ஆடியவர்கள் கை குலுக்கக்கூட வரவில்லை. அதுதான் அவனுக்கு வலித்தது. என்ன காரியம் செய்துவிட்டோம் என்று ஒரு கணம் நினைத்தான். வின்னியின் முகத்தை நினைத்துக்கொண்டு ஓடினான்.

ஆட்டம் முடியும் நேரம். மழையில் ஊறிக் கல்லாய்க் கனத்த பந்து மூலையிலிருந்து வந்தது. கண்ணை மூடிக்கொண்டு முட்டினான். கண்ணைத் திறந்தபோது பந்து வலைக்குள் கிடந்தது. எஸ்ராவின் தொப்பி ஆகாயத்தில் இருந்தது.

அந்தச் சாயங்காலம் எஸ்ரா அவன் தோளில் கை போட்டுத் தெரு முழுக்க நடத்திக் கூட்டிவந்தார். துவாரம் வழியாகப் பேசிய அதே கதவை இரண்டு கையாலும் அகலத் திறந்தார். அடுப்புக்குப் பக்கத்தில், வேறு யாரும் உட்காராத தன் நாற்காலியில் அவனை உட்காரவைத்து, மாவுக்குள் கறி அடைத்துச் சுட்ட பலகாரத்தில் பெரிய துண்டாக வெட்டி நீட்டினார்.

“சாப்பிடு மாப்ளே. ஈஸ்டருக்குக் கல்யாணத்தை வச்சுக்கலாமா? அன்னிக்கு ஆட்டம் இருக்கும். அதுக்கு அடுத்த நாள் வச்சுக்கலாம். வின்னி, டீ கொண்டாம்மா. நல்ல கோப்பையில.”

வின்னி வந்தாள். கண்கள் இரண்டும் சிவந்து வீங்கியிருந்தன.

“பாத்தியா மாப்ளே? நேத்து பேப்பர் பாத்ததுலேர்ந்து அழுதுக்கிட்டே இருக்கா. அவ்வளவு சந்தோஷம்,” என்றார் எஸ்ரா.

சிரில் நாற்காலியிலிருந்து எழுந்தான். “உனக்காகத்தான் வின்னி. எல்லாத்தையும் விட்டுட்டு வந்துட்டேன்.”

வின்னி டீக்கோப்பையை அவன் கைக்கு எட்டாத தூரத்தில், அப்பா பக்கமாக வைத்தாள். அவனை ஏறிட்டும் பார்க்கவில்லை.

“இந்த ஆளை வெளிய அனுப்புங்கப்பா. நான் ரோவர்ஸ் கட்சி.”