தேதி போடாத வரி

வெள்ளிக்கிழமை, காலை மணி பத்து. மின்விசிறிக் காற்றில் படபடக்கும் பதிவேட்டை உள்ளங்கையால் அமுக்கிக்கொண்டு, கூட்டுறவு வங்கியின் செயலாளர் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போடுகிறார். கடன் மோசடி வழக்கில் கைதாவதற்கு முன்பே அவர் முன்ஜாமீன் வாங்கிவிட்டார். தினமும் இங்கே நேரில் வந்து கையெழுத்திட வேண்டும் என்பது அதற்கு நீதிமன்றம் போட்ட நிபந்தனை. புகார் கொடுக்க வந்த தையல்காரி மேசையோரம் நின்று பேனா முனையையே பார்க்கிறாள். வெற்றுப் படிவங்களில் அவளிடம் கையெழுத்து வாங்கி, அவள் பெயரில் செயலாளர் சுருட்டிய கடனுக்காக அவள் வீடு ஏலத்துக்கு வந்திருக்கிறது. பேனா இன்றைய வரியோடு நிற்கவில்லை. தேதி எழுதாத அடுத்த வரிக்கும் இறங்குகிறது. "சனி, ஞாயிறுக்கும் சேர்த்துப் போட்டுடுங்க சார், எதுக்கு அலையணும்? தேதிய நான் அப்புறம் எழுதிக்கிறேன்," என்கிறார் காவலர். அன்று வங்கியில் அவளிடம் செயலாளரும் இப்படித்தான் சிரித்த முகமாய்ச் சொன்னார்: "தேதிய அப்புறம் எழுதிக்கிறோம் அக்கா." அதற்குள் சனிக்கிழமைக்கும் கையெழுத்து விழுந்துவிட்டது. அடுத்திருக்கும் ஞாயிற்றுக்கிழமை வரியின் மேல் அவள், ஊசி குத்திக் காய்த்த விரலை அழுத்தி வைக்கிறாள். "தேதி இல்லாத இடத்துல கையெழுத்துப் போடாதீங்க தம்பி. நான் போட்டுத்தான் இங்க வந்து நிக்கிறேன்." பேனா அவள் நகத்தை இடித்து நிற்கிறது. "கைய எடும்மா," என்கிறார் காவலர். அவள் எடுக்கவில்லை.