பீரோவுக்கு ஒரு ரோடு

“ஒத்தைப் பீரோ மேலே போறதுக்கு நான் ரோடு போடணுமா?”

தயாரிப்பாளர் ஹாஜ் பென்னாசர் திரைக்கதைக் கட்டை மேசைமேல் எறிந்தார். தேநீர்க் கிளாஸ் குலுங்கியது. ஒரு திர்ஹம் செலவுக்கு ஒன்பது கேள்வி கேட்கும் மனிதர்.

எதிரே நெஜ்மா உட்கார்ந்திருந்தாள். அந்தப் படத்துக்குப் படப்பிடிப்பு இடம் தேடிப் பிடிப்பதும் அவள்தான், திரைக்கதை எழுதியதும் அவள்தான்.

வெளியே புல்டோசர் உறுமிக்கொண்டு நின்றது. ஹாஜ் கையெழுத்துப் போட்டால் அது தம்ஸ்ரித் மலையூருக்கு ரோடு வெட்டப் போகும். இல்லாவிட்டால் வந்த வழியே திரும்பிவிடும்.

“நானும் அதைத்தான் கேக்கறேன், ஹாஜ்” என்றான் இயக்குநர் ஷக்கீப். “கல்யாணப் பீரோ லாரியில மலை ஏறுது. சரி, ஏறட்டும். வர்ஸசாத் டவுன் பக்கத்துலயே ரோட்டோட மலை இருக்கே, அது கசக்குதா?”

“அந்த மலையில ஊர் இல்லையே” என்றாள் நெஜ்மா.

“செட் போட்டா ஊர்! இடம் பார்க்கிறதும் நீ, கதை எழுதறதும் நீ. உனக்கு வேண்டிய ஊருக்குக் கதையை வளைச்சுட்டே. போன வாரம் அந்த ஊர்லேர்ந்து அக்ரூட் மூட்டை வந்துதே, எதுக்காம்?”

“அன்பா குடுத்தாங்க. பாதி மூட்டையை நீங்கதான் தின்னீங்க.”

ஹாஜ் சிரிக்கவில்லை.

நெஜ்மா கதையை வளைத்தது உண்மைதான். போன குளிர்காலத்தில் இடம் பார்க்கப் போனபோது, தம்ஸ்ரித்திலிருந்து தூதா என்ற பெண்ணைப் பிரசவ வலியோடு கோவேறு கழுதையில் ஏற்றிக் கீழே ஆஸ்பத்திரிக்கு இறக்கினார்கள். நெஜ்மா அவள் கையைப் பிடித்தபடி கூடவே நடந்தாள். பாதி மலையில் அந்தக் கை சில்லிட்டுப்போனது.

கீழே வந்து எழுதிய காட்சிதான் இந்தப் பீரோ. இப்போது தூதாவின் தங்கை பிள்ளைத்தாய்ச்சி. அவளுக்கும் பனிக்காலத்தில்தான் பிரசவம்.

“பீரோவைக் கழுதையில ஏத்துங்க” என்றார் ஹாஜ். “ஊர்க்காரங்க அப்படித்தானே போறாங்க, வர்றாங்க?”

“முடியாது, ஹாஜ். லாரிதான் போகணும்.”

“என் கண்ணைப் பார்த்துச் சொல்லு, மகளே. இந்தக் காட்சி இல்லாட்டி படம் நிக்காதா?”

பொய் நாக்கு நுனிவரை வந்தது. அந்தக் கண்களைப் பார்த்ததும் வெளியே வரவில்லை. அவள் தலை கவிழ்ந்தாள்.

“பார்த்தீங்களா!” ஷக்கீப் துள்ளினான். “இவளை அனுப்பிட்டு வேற ஆளைப் போடுங்க. இன்னிக்கே!”

“எழுந்து வெளியே போ” என்றார் ஹாஜ்.

நெஜ்மா பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

“உன்னையா சொன்னேன்? உட்காரு. ஷக்கீப், நீ போ. புல்டோசர்காரன் வெயில்ல நிக்கிறான், அவனுக்குத் தேநீர் குடு.”

ஷக்கீப் முறைத்துக்கொண்டே போனான். கதவு சாத்திக்கொண்டது. ஹாஜ் பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டார்.

“படு மோசமான காட்சி. படிச்ச அன்னிக்கே தெரியும், நீ எதுக்கு இதை எழுதினேன்னு. ரோடு முடிஞ்சதும் நீயே வெட்டிப் போட்டுடு. அதுவரைக்கும் அவன்கிட்ட மூச்சு விடாதே.”

“தெரிஞ்சுமா கையெழுத்துப் போட்டீங்க?”

ஹாஜ் ஆறிப்போன தேநீரை ஒரே மடக்கில் குடித்தார்.

“நான் பிறந்ததே கோவேறு கழுதை முதுகுலதான். எங்கம்மாவை நான் பார்த்ததில்லை.”