சேலா

சித்தூர் பஸ் ஸ்டாண்டில் சாயங்கால வெயில் பிரேமலதாவின் காலடியில் கிடக்கிறது. கூழ் ஆலையில் நாளெல்லாம் மாம்பழம் அறுத்த விரல்களில் மஞ்சள் போகவில்லை. ஜோர்டானில் பெருக்கும் வேலையிலிருக்கும் கணவன் ரமணா, அங்கே பழங்காலத்து நபத்தேயர் என்ற மக்கள் சிவப்பு மலையைக் குடைந்து வைத்த தூண்களைப் போனில் காட்டுகிறான். “அதுக்கு முன்ன ஏசா வம்சத்து ஏதோம்காரங்க ஊராம். பைபிள்ல சேலான்னு கீதாம்.” “சேலையா? அதெல்லாம் வாணாம், நீ வந்தா போதும்.” “சேலாடி. பாறைன்னு அர்த்தமாம்.” “உள்ள யாரு கீறாங்க?” “யாருமில்ல. வாசல்தான் பெருசு, உள்ள காலி ரூமு.” அவள் ஏற வேண்டிய கார்வேட்டிநகரம் பஸ் ஹாரன் அடிக்கிறது. அவள் எழவில்லை. அவன் அனுப்பிய பணத்தில் தூண் வைத்துக் கட்டிய வீட்டின் சாவி இடுப்பில் உறுத்துகிறது. “நம்ம ஊடும் அப்டித்தான் கீது மாமா.”