நீருக்கடியில் வாசல்

தன் மீன் குளம் எங்கே ஒழுகுகிறது என்று இருளப்பனுக்குப் பிடிபடவில்லை. கரையெல்லாம் தேடியும் ஓர் ஓட்டை இல்லை. மீன்கள் செத்துவிடாமலிருக்க மோட்டார் போட்டு நிரப்ப நிரப்பத் தண்ணீர் இறங்கியது. கரைக்கு அந்தப் பக்கம் செல்லக்கிளியின் எள்ளு வயல் நனைந்து கிடந்தது.

"கரையை வெட்டுறது நீதானே?" என்று அவளிடம் பாய்ந்தான்.

"என் எள்ளே அழுகுது, நான் வெட்டுறேனா? உன் கரையை மோந்து பாருடா, என்ன நாத்தம்னு."

குனிந்து மோந்தான். கஸ்தூரி எலியின் வாடை. அது நீருக்கடியில் வாசல் வைத்து, மேல்நோக்கிக் குடைந்து, கரைக்குள் ஈரம் படாத இடத்தில் குடியிருக்கும். அது குடைந்த வழியாகத்தான் நீர் வயலுக்குக் கசிகிறது. நிரப்பி நிரப்பி அந்த வாசலை மறைத்தவனே இவன்தான்.

நீரை ஒரு முழம் இறக்கினால் வாசல் தெரியும். களிமண் திணித்து அடைத்துவிடலாம். ஆனால் நீரை வெளியேற்ற இருந்த ஒரே மடை செல்லக்கிளியின் எள்ளுக்குள்தான் திறக்கும்.