விரல் தாண்டிய வரிகள்

இருந்தவர்கள்: மூப்பர் ரொகாத்து. திருத்தொண்டர் மிஜின். கதவுக்காரர் ஒருவர். எண்ணெய்க் கிட்டங்கியின் ஜாடிகளுக்கு நடுவே நெருக்கியடித்துக்கொண்டு நாற்பது பேர்.

கதவோரம், உள்ளே வரக்கூடாத ஏழு பேர். விழுந்தவர்கள்.

அந்த ஏழு பேரில் வாசகனின் அக்கா நம்பீனாவும் ஒருத்தி.

அவன் கல்லின்மேல் ஏறி ஆயரின் கடிதத்தை விரித்தான்.

ஆயர் எங்கே இருக்கிறார் என்று யாருக்கும் தெரியாது. கிறிஸ்தவர்களைப் பிடித்து அடைக்கும் வேதகலாபனை தொடங்கிய வாரமே ஊரைவிட்டுப் போனவர். கடிதங்கள் மட்டும் வரும்.

"ஒளிஞ்சிருக்கிறவருக்கு எழுத நேரத்துக்கா பஞ்சம்?" என்றான் ஏழு பேரில் ஒருவன். செருப்புத் தைப்பவன். யாரோ சிரித்தார்கள். மிஜின் முறைத்தார்.

அவன் வாசிக்கத் தொடங்கினான். இடைவெளி விடாமல் ஒட்டி ஒட்டி எழுதிய எழுத்து. விரலை வைத்துத் தள்ளிக்கொண்டே போனால்தான் வாசிக்க முடியும்.

எட்டு மாதத்துக்கு முன்பு ரோமிலிருந்து ஆணை வந்தது. வீட்டுக்கு வீடு கோயில் படிக்கு வந்து பேரரசனின் தெய்வங்களுக்குச் சாம்பிராணி போட வேண்டும். போட்டவருக்குச் சீட்டு. போடாதவருக்குச் சிறை, அப்புறம் அதற்கும் மேலே.

அக்கா தனியாகப் போனாள்.

"வீட்டுக்கெல்லாம் சேத்து நான்தான்" என்று எழுத்தரிடம் சொன்னாள். ஒரே ஒரு சிட்டிகை போட்டாள். சபைக் கணக்கில் அன்றோடு விழுந்தவள். அதன்பிறகு அவனைத் தேடி யாரும் வரவில்லை.

அவன் கை சுத்தம். அடுத்த மாதமே ஆயர் அவனை வாசகனாக்கினார். புயலில் ஆடாத இளைஞன் என்று எழுதியிருந்தார்.

அந்தக் கடிதத்தையும் அவன்தான் வாசித்தான். அவள் கதவோரம் நின்று கேட்டாள்.

இன்று அவள் மடியில் வேறொரு சீட்டு இருந்தது. சிறையில் பட்டினி கிடந்து செத்த ஜாதர் சாவதற்கு முந்தின நாள் எழுதிக்கொடுத்தது. இவளைச் சேர்த்துக்கொள்ளுங்கள். விசுவாசத்துக்காக உயிர் கொடுக்கும் வேதசாட்சி எழுதிவிட்டால் சபை மறுக்காது. அதுதான் வழக்கம்.

இனி இல்லை. ஆயர் எழுதியிருந்தார். சாட்சிகளின் சீட்டு போதாது. கலாபனை ஓயட்டும். ஆயர்கள் கூடிப் பேசட்டும். அதுவரை விழுந்தவர்களுக்கு நற்கருணை அப்பம் இல்லை. சாகக் கிடப்பவர்களுக்கு மட்டும் கொடுக்கலாம்.

மேட்டுத்தெருவில் இன்னொரு மூப்பர் பிரிந்துபோய்த் தனிச் சபை வைத்திருந்தார். அங்கே சீட்டை நீட்டினால் அப்பம். அங்கே போ என்று நேற்று அவளிடம் கெஞ்சினான்.

"அது களவாண்ட சோறுடா" என்றாள்.

விரல் நாலாம் பத்திக்கு வந்தது.

காலையில் தனியாகப் படித்துப் பார்த்தபோதே அந்த இரண்டு வரிகளில் நின்றுவிட்டான். அக்காவை அவனுக்குத் தெரியும். எவன் சொன்னாலும் சட்டை செய்ய மாட்டாள். ஆயர் சொன்னால் செய்துவிடுவாள்.

மூப்பருக்குக் கண்ணில் புரை. மிஜின் ஜனங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். கடிதம் கொண்டுவந்தவன் நேற்றே படகேறிவிட்டான்.

தாண்டினான்.

குரல் பிசகவில்லை. வாழ்த்து வரைக்கும் வாசித்து முடித்தான்.

"தம்பி."

கதவோரத்திலிருந்து.

"விரலு குறுக்க போகாம ரெண்டு தடவ கீழ எறங்குச்சு."

அவளுக்கு ஓர் எழுத்துகூடத் தெரியாது. ஆனால் எட்டு மாதமாக அந்த இடத்தில் நிற்கிறாள். அங்கிருந்து பார்ப்பதற்கு அவன் விரலைத் தவிர வேறென்ன இருக்கிறது?

"ஏதாச்சும் விட்டியாப்பா?" என்றார் மூப்பர்.

இல்லை என்று சொல்லியிருக்கலாம். நாற்பது பேரும் அவனை நம்பியிருப்பார்கள்.

"விட்டதப் படிடா" என்றாள்.

படித்தான்.

'காத்திருக்க மனமில்லாதவர்களுக்கு வழி அடைபடவில்லை. நீதிமன்றம் திறந்திருக்கிறது. அங்கே போய் நின்று, மறுதலித்த வாயாலேயே, நான் கிறிஸ்தவன் என்று சொல்லட்டும்.'

"நம்மளச் சாகச் சொல்றாரு" என்றான் செருப்புத் தைப்பவன். "அதுவும் கடுதாசியில."

இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.

அக்கா முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டாள்.

"இத மொதல்லயே படிச்சிருக்கலாம்ல" என்றாள். "மத்தியானத்தோட மன்றம் கலைஞ்சிரும்."

மூப்பர் அப்பக் கூடையைத் தன் பக்கம் இழுத்தார். ஆயரின் எழுத்துக்கு எதிராக அவர் என்ன சொல்லிவிட முடியும்?

அப்பம் பிட்கும் வேளை. வாரா வாரம் சொல்வதை மிஜின் சொன்னார். குரல் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"விழுந்தவங்க வெளிய போங்க."

ஏழு பேரும் வெளியேறினார்கள். ஆறு பேர் வலப்பக்கம், துறைமுகத் தெருவுக்குத் திரும்பினார்கள்.

அவள் இடப்பக்கம், மன்றத்துத் தெருவுக்குத் திரும்பினாள்.

கல்லின்மேல் நின்றவனுக்கு அது தெரிந்தது. கதவின் குறுக்குக்கட்டையைப் போட்டுவிட்டால் அப்பம் முடியும்வரை கதவைத் திறக்க மாட்டார்கள். போன முறை திறந்தபோது சிப்பாய்கள் உள்ளே வந்துவிட்டார்கள். கட்டை விழுவதற்கு இன்னும் நேரம் இருந்தது. கதவுக்குப் பத்து எட்டு இருக்கும். அவளை இழுத்துப் பிடிக்கலாம். அவளோடு போகவும் செய்யலாம்.

கடிதத்தைச் சுருட்டினான். ஓரம் மடங்கியது. பிரித்து, நீவிவிட்டு, மறுபடி சுருட்டினான்.

மூப்பர் அப்பத்தைக் கையில் எடுத்தார். வாசகனுக்கு முதல் வரிசையில் இடம். அவன் இறங்கிவந்து அங்கே நின்றான்.

கதவுக்காரர் வெளியே ஒரு தடவை எட்டிப் பார்த்தார். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு கதவைச் சாத்தி, குறுக்குக்கட்டையைப் போட்டுப் பூட்டினார்.