துண்டுக்கு அடியில்

கிளிஞ்சல்மேட்டுக் கரையில் வெயில் ஏறிக்கொண்டிருக்கிறது. அஞ்சப்பனின் காலடியில் குவிந்து கிடக்கும் வாளைமீன்கள் கண்ணைக் கூசவைக்கின்றன. எதிரே மீன் வியாபாரி, கையில் துண்டோடு. துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்து விலை பேசுவதுதான் இந்தக் கரையின் வழக்கம். அடுத்தவர் மீன் என்ன விலைக்குப் போனது என்று ஒருவருக்கும் தெரியாது. இனி எல்லோர் காதிலும் விழும்படி வாய்விட்டுத்தான் விலை பேச வேண்டும் என்று மீனவர் சங்கம் நேற்றுத் தீர்மானம் போட்டது. முதலில் கை தூக்கியவர் இதே அஞ்சப்பன். வியாபாரி துண்டை நீட்டுகிறார். அஞ்சப்பனின் கை தானாக உள்ளே போகிறது. துணி மெல்ல நெளிகிறது. சங்கத்தை ஆரம்பித்த காத்தலிங்கம் ஈர மணலில் ஓடி வருகிறார். "வாயத் தொறந்து சொல்லுங்க மாமா! நம்மள ஆண்ட பிரெஞ்சுக்காரனே கப்பலேறிட்டான், இந்தத் துண்டு போகலியே!" காலையிலிருந்து கத்திக் கத்தி அவருக்குத் தொண்டை கட்டியிருக்கிறது. "இருடா, பேசிக்கிட்டிருக்கம்ல" என்கிறார் அஞ்சப்பன், திரும்பாமலே. காத்தலிங்கம் துண்டைப் பிடுங்கி அலையில் எறிகிறார். பட்டப்பகலில், அஞ்சப்பனின் விரல்கள் வியாபாரியின் விரல்களை இன்னும் விடவில்லை. சுற்றி நிற்கும் சங்கத்துக்காரர்கள், பார்க்கக் கூடாததைப் பார்த்துவிட்டதுபோல், முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள்.