மூன்றில் இரண்டு

மகள் சுடர் அந்தக் கணக்கை இரண்டே வரியில் முடித்துவிட்டாள். அம்மா இன்னொரு முறை குனிந்து பார்த்தாள்.

அடைப்புக்குறிக்குள் இருபத்தேழு, எக்ஸின் ஆறாம் அடுக்கு. வெளியே தலைமேல் மூன்றில் இரண்டு என்று ஒரு பின்ன அடுக்கு.

அவள் சொல்லிக்கொடுத்திருந்த வழி வேறு. முதலில் எல்லாவற்றையும் வர்க்கமாக்க வேண்டும். இருபத்தேழை இருபத்தேழால் பெருக்க வேண்டும். அப்புறம்தான் கனமூலம். பாதிப் பக்கம் நிறையும். விடை தப்பாது.

சுடர் பெருக்கவே இல்லை. இருபத்தேழை மூன்றின் கனம் என்று எழுதியிருந்தாள். கனத்தின் மூன்றும் பின்னத்தின் கீழே இருந்த மூன்றும் அடிபட்டுப் போயின.

ஒன்பது, எக்ஸின் நான்காம் அடுக்கு.

சரியான விடை.

"யாரு சொல்லிக்கொடுத்தா?"

"அப்பா வீட்ல."

அவனுக்குப் பின்னம் என்றாலே தலை சுற்றும். கூடக் குடும்பம் நடத்தியவளுக்குத் தெரியாதா?

போன தையில் அவன் கட்டிக்கொண்ட பெண் கரூரில் கணக்கு டீச்சர். மாதம் ஒரு சனி ஞாயிறு சுடர் அங்கே போய்வருகிறாள். வந்து எல்லாம் சொல்வாள். அந்தப் பெண்ணின் பேரை மட்டும் எடுக்கமாட்டாள்.

அவனுக்குக் கல்யாணம் என்று கேள்விப்பட்ட அன்றுகூட இவள் வேலைக்குப் போனாள், சாப்பிட்டாள், தூங்கினாள்.

இந்த இரண்டு வரியைத்தான் தாண்ட முடியவில்லை.

வாய்ப்பாடு ஒப்பித்துக்கொண்டேதான் சுடர் ஜடை பின்னக் காட்டுவாள். கணக்கு அவர்கள் இரண்டு பேருடையதாக இருந்தது.

எவ்வளவு நெருங்கி உட்கார்ந்திருப்பாள் அந்தப் பெண்? தோளில் கை போட்டிருப்பாளா? புரிந்ததும் சுடர் கண்ணை இடுக்கிச் சிரிப்பாளே, அதையும் பார்த்திருப்பாள்.

"குறுக்கு வழி. எல்லாக் கணக்குக்கும் ஒத்துவராது."

உண்மையில்லை என்று தெரிந்தேதான் சொன்னாள்.

சுடர் அம்மாவின் முகத்தை ஒரு தடவை பார்த்தாள்.

அடுத்த கணக்கு. அறுபத்து நான்கு, ஒய்யின் ஒன்பதாம் அடுக்கு. வெளியே அதே மூன்றில் இரண்டு.

நான்கின் கனம் என்று எழுதிவிட்டுப் பேனா நின்றது. சுடர் அதை அடித்தாள். அறுபத்து நான்கை அறுபத்து நான்கால் பெருக்க ஆரம்பித்தாள்.

நாலாயிரத்துத் தொண்ணூற்றாறு.

அதன் கனமூலத்துக்காக ஓரத்தில் இரண்டால் வகுத்துக்கொண்டே போனாள். உதட்டைக் கடித்துக்கொண்டு, ஒரு படியும் விடாமல். விருந்துக்குப் போன வீட்டில் பிடிக்காததையும் மிச்சம் வைக்காமல் சாப்பிடும் பிள்ளை மாதிரி.

ஜெயித்துவிட்டது போலிருந்தது அம்மாவுக்கு.

கொஞ்ச நேரம்தான்.

அதற்கு மேல் பார்க்க முடியவில்லை. மகளின் விரல்களிலிருந்து பேனாவை மெல்ல எடுத்தாள். அந்த வகுத்தல் முழுவதன் மேலும் ஒரு கோடு இழுத்தாள்.

"சித்தி எப்படிச் சொன்னாங்க? எனக்கும் சொல்லு."

அந்த உறவுமுறை அவள் வாயில் வந்தது அதுதான் முதல் தடவை.

சுடர் நம்பாமல் பார்த்தாள். பிறகு சொல்ல ஆரம்பித்தாள். முதலில் தயங்கித் தயங்கி. போகப்போகத் தன்னை மறந்து, கையெல்லாம் ஆட்டி.

"இங்க பாரு கண்ணு, மொதல்ல அடிமானத்த ஒடச்சுக்கணும். அப்பறம்…"

சுடர் சட்டென்று நிறுத்தினாள்.

கண்ணு. அது அந்தப் பெண் கூப்பிடுவது. அம்மா பாப்பா என்றுதான் கூப்பிடுவாள்.

சுவரில் மின்விசிறியின் நிழல் சுற்றிக்கொண்டிருந்தது. அம்மா நோட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

"ம்," என்றாள். "அப்பறம்?"